நூடிபிராங்க் என்னும் பெயர்

சென்ற ஆண்டு நம் கல்லூரியில் நடைபெற்ற அறிவியற் பொருட்காட்சியின்போது, விலங்கியல் பயிலும் நண்பரொருவர் என்னிடம் வந்து, தம் பிரிவில் வைக்கப்பெறும் புட்டிகளுக்குத் தமிழிற் பெயர்ச்சீட்டுகள் எழுதித் தருமாறு கேட்டார். தமிழைச் சிறப்புப் பாடமாகக் கற்பவன் என்னும் பெருமிதத்தால் யானும் உடனே இசைந்தேன். நட்சத்திர மீனும் நண்டும் சங்கும் எளிதில் முடிந்தன. ஒரு புட்டியில் மட்டும், சாம்பல் நிறமாய்ச் சுருங்கிய தோல்துண்டு போன்றதோர் உயிர் ஸ்பிரிட்டில் மிதந்துகொண்டிருந்தது. 'நூடிபிராங்க்' என்று ஆங்கில எழுத்தில் அதன்மேல் எழுதப்பட்டிருந்தது. அகராதியைப் புரட்டினேன். கடலில் வாழும் ஒருவகை 'ஸ்லக்' என்றிருந்தது. 'ஸ்லக்' என்பது அட்டை போன்றது, கடலில் வாழ்வது, ஆகவே 'கடல் அட்டை' என்று அழகிய எழுத்தில் எழுதி ஒட்டிவிட்டேன்.

பொருட்காட்சிக்கு வந்தோருள் கீழக்கரைப் பக்கத்துப் பெரியவர் ஒருவர் இருந்தார், நம் மாணவரொருவரின் தந்தை, கடற்றொழில் செய்பவர். அவர் அப்புட்டியின் முன் நெடுநேரம் நின்றார். பின்னர் என்னை அழைத்து, "தம்பி, இந்தச் சீட்டை எழுதியது யார்?" என்றார். "யான்தான், ஐயா" என்றேன். "இது அட்டை இல்லையே, தம்பி. அட்டை எங்களுக்குத் தெரியும். அதைத் தொட்டால் எங்கள்மேல் வழக்குப் போடுகிறார்கள். நீங்கள் எழுதியதைப் பார்த்து நாளைக்கு யாராவது இதையும் அட்டை என்றால், அந்தப் பாடும் எங்கள் தலையில்தானே விடியும்?" என்று அமைதியாகக் கூறிவிட்டுச் சென்றார்.

அவர் கூறியது முற்றும் உண்மை. மன்னார் வளைகுடாவிலும் பாக்கு நீரிணைப் பகுதியிலும் 'கடல் அட்டை' என மக்கள் வழங்குவது, நட்சத்திர மீனுக்கும் கடல் முள்ளெலிக்கும் உறவாகிய முட்தோலி இனத்து உயிரை. அதனை அவித்து உலர்த்திச் சீன நாட்டு வாணிகத்திற்கு அனுப்புதல் அக்கரைகளிற் பழந்தொழிலாயிருந்தது. 1972-ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் 2001-ஆம் ஆண்டு அதனைப் பிடித்தல் தடைசெய்யப்பட்டது. யான் சீட்டு எழுதியதோ, சங்குக்கும் நத்தைக்கும் உறவாகிய மெல்லுடலி ஒன்றற்கு. ஆங்கிலேயரும் முற்காலத்தில் இவ்விரண்டையும் 'கடல் ஸ்லக்' என ஒரே பெயரால் வழங்கியதுண்டு எனப் பின்னர் அறிந்து சிறிது ஆறுதலுற்றேன். ஆயினும் ஒருவர் பிழை மற்றவர் பிழைக்கு மருந்தாகாது. ஒரு சொல்லைப் பொருளறியாது ஆண்டதன் பயன் யாதென அன்று கண்டேன். அன்று தொடங்கி அப்பெயரை ஆராய்ந்து அறிந்தவற்றை இக்கட்டுரையிற் கூறப் புகுகின்றேன்.

முதலில் அவ்வுயிரைச் சிறிது காண்போம். நூடிபிராங்க் என்பது ஓடில்லாத கடல்நத்தை. முட்டையிலிருந்து வெளிவரும் இளம்பருவத்தில் அதற்குச் சிறியதோர் ஓடு உண்டு. உருமாறும் காலத்தில் அதனைக் கழற்றி எறிந்துவிட்டு வெற்றுடம்போடு வாழத் தொடங்குகிறது. உலகெங்கும் ஏறத்தாழ 3,000 வகைகள் அறியப்பட்டுள்ளன. நெல்மணியினுஞ் சிறியனவும் உள; முழநீளம் வளர்வனவும் உள. உயிரோடு கடலிற் காணும்போது இவற்றின் வண்ணம் கண்ணைப் பறிக்கும். மஞ்சளும் நீலமும் செம்மையும் ஊதாவும் கோடுகளாகவும் புள்ளிகளாகவும் விரவியிருக்கும். இவ்வண்ணங்களைக் கண்டு மகிழ இவற்றிற்கே இயலாது. இவற்றின் கண்கள் ஒளியையும் இருளையும் மட்டுமே பகுத்தறியும். பல வகைகள் கடற்பஞ்சுகளைத் தின்று, அவற்றிலுள்ள நச்சுப்பொருளைத் தம் உடம்பிற் சேர்த்துக்கொள்கின்றன. ஆகவே, 'என்னைத் தின்னாதே' என மீனுக்கு விடுக்கும் எச்சரிக்கையே அவ்வண்ணம் என்பர். ஸ்பிரிட்டில் இட்டவுடன் இவ்வனப்பெல்லாம் கரைந்து சாம்பல் நிறமே எஞ்சும். யான் கண்டது அவ்வெச்சமே.

இனிச் சொல்லைப் பிரிப்போம். 'நூடஸ்' என்பது இலத்தீன். ஆடையற்ற, மூடப்படாத என்று பொருள். 'பிராங்கியா' என்பது கிரேக்கம். செவுள் என்று பொருள். இரண்டும் சேர்ந்து 'மூடப்படாத செவுள்' என நின்று, அத்தகைய செவுளையுடைய உயிருக்குப் பெயராயிற்று. பொன்னாலாகிய தொடி என்னும் பொருளுடைய 'பொற்றொடி', அதனை அணிந்த பெண்ணைக் குறிக்குமிடத்து அதனை நாம் அன்மொழித்தொகை என்கிறோம். 'நூடிபிராங்க்' என்பதும் அவ்வாறே. இலத்தீனும் கிரேக்கமும் ஒரே சொல்லிற் கலந்து நிற்றல் நம் மணிப்பிரவாளத்தை நினைவூட்டுகிறது.

இச்சொல்லை ஒலிக்குமிடத்தும் எழுதுமிடத்தும் இரண்டு பிழைகள் நேர்கின்றன. ஆங்கிலத்தில் இதன் இறுதிப் பகுதி, மரக்கிளையைக் குறிக்கும் 'பிராஞ்ச்' என்னும் சொல்லின் எழுத்துக்களையே உடையது. ஆதலின் 'நூடிபிராஞ்ச்' என்று படிப்பார் பலர். கிளைக்கும் இதற்கும் யாதோர் உறவுமில்லை. கிரேக்க மூலத்திற்கேற்பக் ககர ஒலியோடு 'பிராங்க்' என்றலே முறை. மற்றொரு பிழை, இடையிலுள்ள மெல்லொற்றை விட்டுவிடுதல். 'பிராங்கியா' எனின் செவுள். 'பிராக்கியம்' எனின் கை. ஓர் ஙகர ஒற்றுக் கெட்டாற் செவுள் கையாகிவிடும்! 'பிராக்கியோபாட்' எனப்படும் வேறோர் இனம் உண்மையில் இருத்தலின், இப்பிழை ஓருயிரை மற்றோர் உயிராக மாற்றிவிடும் தன்மையது.

இப்பெயரை இட்டவர் பிரெஞ்சு நாட்டு அறிஞர் கூவியே. இளமையில் நார்மண்டிக் கடற்கரையில் ஒரு குடும்பத்தில் ஆசிரியராயிருந்தபோது, கரையிற் கிடைத்த மெல்லுயிர்களை அறுத்துப் பார்த்து ஆராயத் தொடங்கியவர் அவர். 1817-ஆம் ஆண்டு வெளியிட்ட 'விலங்குலகம்' என்னும் பெருநூலில், நத்தையினங்களை அவற்றின் மூச்சுறுப்பின் நிலையை வைத்துப் பல வரிசைகளாக வகுத்தார். செவுள் மூடாதிருப்பன ஒரு வரிசை. கீழ்ப்புறத்தே இருப்பன ஒரு வரிசை. மூடப்பட்டிருப்பன ஒரு வரிசை. இவ்வாறு சென்றது அப்பகுப்பு. காண்பார் எல்லாரும் வண்ணத்தை வியக்க, அவர் செவுளைப் பெயராக்கியது ஏன்? வண்ணம் ஒரே வகையிலும் வேறுபடும், இறந்தால் மறையும். உறுப்பின் அமைப்போ புட்டியிலும் நிலைத்து நிற்கும். மாறுவதை விட்டு நிற்பதைப் பற்றிய அவர் கருத்துப் போற்றற்குரியது.

ஆயினும் அப்பெயர் எல்லாவற்றிற்கும் பொருந்தியதா எனின், இல்லை. நூடிபிராங்குகளுள் 'டோரிட்' எனப்படும் பிரிவினவற்றிற்கு முதுகின் பின்புறத்தே, மலவாயைச் சூழ்ந்து, பூங்கொத்துப் போலச் செவுள் விரிந்திருக்கும். இவற்றிற்கு அப்பெயர் நன்கு பொருந்தும். ஆனால் இவற்றுட் பலவும், தொட்டவுடன் அச்செவுளை உள்ளே இழுத்து ஒரு பையில் ஒளித்துக்கொள்கின்றன. ஆதலின் அப்பிரிவினுள் ஒரு பகுதியை அறிஞர் 'கிரிப்டோபிராங்க்', அதாவது 'மறைசெவுள்' என்றே வழங்கினர். மூடாச் செவுளுள் ஒரு மறைசெவுள்! 'பில்லிடியா' என்னும் மற்றொன்றற்கு முதுகில் செவுளே இல்லை. உடலின் கீழ்விளிம்பில் மடிப்புக்களாய் மறைந்திருக்கிறது. கூவியே அதனைக் 'கீழ்ச்செவுள்' வரிசையில் வைத்தார்; இக்காலத்தார் அதனை நூடிபிராங்குகளோடு சேர்த்துவிட்டனர்.

'ஏயோலிட்' என்னும் பிரிவினவற்றின் நிலை இன்னும் வியப்புக்குரியது. இவற்றின் முதுகெங்கும் விரல் போன்ற நீட்சிகள் அடர்ந்திருக்கும். அவையே வெளிப்பட்ட செவுள்கள் என முன்னோர் கருதினர். மூச்சுவிடுதற்கு அவை ஒருவாறு உதவுகின்றன என்பது மெய்யே. ஆயினும் அவை உண்மைச் செவுள்கள் அல்ல. கொம்பு என்னும் பொருளுடைய கிரேக்கச் சொல்லால் 'செரட்டா' எனப்படும் அவற்றினுள்ளே செரிமானச் சுரப்பியின் கிளைகள் ஓடுகின்றன. இவ்வுயிர்கள் கடற்சாமந்தி முதலியவற்றைத் தின்னும்போது, அவற்றின் கொட்டும் நுண்ணுறுப்புக்களை வெடியாதபடி விழுங்கி, அந்நீட்சிகளின் நுனியிலுள்ள பைகளிற் சேமித்து, தம் பகைவர்மேல் ஏவுகின்றன. செவுள் என நாம் எண்ணியது படைக்கலச் சாலையாய் முடிந்தது!

அப்படியாயின், இப்பெயர் பொய்ப்பெயரோ? இவ்விடத்தே நம் இலக்கணம் எனக்குக் கைகொடுத்தது. பெயர்களை இடுகுறி எனவும் காரணம் எனவும் நன்னூலார் பகுத்தார். இவ்விரண்டின் இயல்பும் ஒருங்குடையதைக் காரண இடுகுறி என உரையாளர் கூறுவர். 'முள்ளி' என்பது முள்ளுடைமையாகிய காரணத்தால் வந்த பெயர். ஆனால் முள்ளுடைய செடிகளெல்லாம் முள்ளி ஆவதில்லை. ஒரு செடிக்கே அது வழங்கும். நூடிபிராங்க் என்பதும் இத்தகையதே. தவளையின் குஞ்சுக்கும் பிறந்த சில நாட்கள் செவுள் வெளியே தோன்றும். அதனை யாரும் நூடிபிராங்க் என்பதில்லை. செவுள் வெளியே தோன்றாத பில்லிடியாவோ அப்பெயரைத் தாங்கி நிற்கிறது. பெயர் காரணத்தாற் பிறந்தது, வழக்கால் வாழ்கிறது. காரணம் சில இடங்களில் விலகினும் பெயர் குறிக்கும் கூட்டம் ஒன்றாயிருத்தலின், அதனைப் பொய்யென்று தள்ளலாகாது. காரணத்தையே பற்றிக்கொண்டு, செவுள் காணாதவற்றை விலக்கவுமாகாது.

கூவியே இட்ட பிற பெயர்களுட் பெரும்பாலன இன்று வழக்கொழிந்தன. பின்வந்தோர் அமைத்த 'ஒபிஸ்தோபிராங்க்', அதாவது 'பின்செவுள்' என்னும் பெரும்பகுப்பும், மரபணு ஆராய்ச்சியின் பயனாக 2010-ஆம் ஆண்டையொட்டிக் கைவிடப்பட்டது. அதனுள் அடங்கியவையெல்லாம் ஒரே மூதாதையின் வழிவந்தன அல்ல எனத் தெரிந்ததே காரணம். அவையெல்லாம் வீழவும் நூடிபிராங்க் என்னும் பெயர் இருநூறாண்டு கடந்து நிற்கிறது.

வழக்கிற் கருதத்தக்க வரம்பொன்று உண்டு. நூடிபிராங்க் எல்லாம் 'கடல் ஸ்லக்' என்னும் பொதுப்பெயருள் அடங்கும். 'கடல் ஸ்லக்' எல்லாம் நூடிபிராங்க் ஆகா. தாமரையெல்லாம் பூ, பூவெல்லாம் தாமரையல்லவாதல் போல என்க. 'கடல் முயல்' எனப்படும் அப்ளிசியா இதற்குச் சான்று. அதன் உடலினுள்ளே மெல்லியதோர் ஓடு எஞ்சியிருக்கும், செவுளும் மூடப்பட்டிருக்கும். இலைபோன்ற வடிவில் வண்ணத்தோடு நீந்தும் தட்டைப்புழுக்களையும் சிலர் நூடிபிராங்க் என மயங்குவர். அவற்றிற்குச் செவுள் என்பதே கிடையாது.

இத்தொகுதிப் பெயரின்கீழ் வரும் தனிப்பெயர்கள் சிலவும் சுவையுடையன. 'டோரிஸ்' என லின்னேயஸ் 1758-இல் வழங்கிய பெயர், கிரேக்கர் கதையிற் கடல்மகள் ஒருத்தியின் பெயர், உறுப்பைப் பற்றியதன்று. 'ஹெக்சாபிராங்கஸ்' என்பது ஆறு செவுள் என விரியும் காரணப்பெயர். 1777-இல் பார்ஸ்டர் விளக்கிய 'கிளாக்கஸ்', பச்சிலை ஒன்றைத் தின்று கடற்றெய்வமாக மாறிய மீனவனின் பெயரைத் தாங்கியது. நீலமும் வெள்ளியுமாய் நீர்ப்பரப்பில் மல்லாந்து மிதக்கும் இவ்வுயிர், 2023 டிசம்பரில் மிச்சாங் புயலுக்குப் பின் சென்னை பெசன்ட் நகர்க் கரையிலும் ஒதுங்கியது. கொட்டும் இழுதுயிர்களைத் தின்று அவற்றின் படைக்கலத்தைத் தான் கொள்வதாதலின், அழகு கருதி இதனைக் கையில் எடுத்தல் ஆகாது.

இவ்வாராய்ச்சியில் நம் நாட்டுக் கரைகளுக்கும் பங்குண்டு. திருகோணமலைப் பகுதியில் இலங்கைப் பிறப்பினராகிய டாக்டர் கெலார்ட், 1858-59 ஆம் ஆண்டுகளில் பல நூடிபிராங்குகளை விளக்கி எழுதினார். சென்னை மாகாணத்து அரசியல் அலுவலராயிருந்த வால்டர் எலியட், விசாகப்பட்டினத்தை அடுத்த வால்டேர்க் கரையில் இவற்றைத் திரட்டினார். அத்தொகுதியை ஆராய்ந்து 1864-இல் வெளியிட்டவர்கள், இத்துறையிற் பெயர்பெற்ற ஆல்டர், ஹன்காக் என்னும் ஆங்கில அறிஞர் இருவர். அவ்வெளியீட்டில் அவர்கள் அமைத்த புதுப்பெயர்களுள் ஒன்று 'கலிங்கா ஆர்னேட்டா' என்பது.

இப்பெயரைக் கண்டவுடன் யான் வியந்து நின்றேன். அக்கடற்கரையின் பழம்பெயராகிய கலிங்கமே இதில் அமைந்ததாகத் தோன்றுகிறது. ஆனால் சங்க நூல் கற்றோர்க்குக் கலிங்கம் என்பதற்கு மற்றுமொரு பொருளுண்டு: ஆடை! 'ஆர்னேட்டா' என்பது அணிசெய்யப்பெற்றது என்னும் இலத்தீன் சொல். பெயரிட்ட ஆங்கில அறிஞர் நம் பழந்தமிழ்ப் பொருளைக் கருதியிரார். எனினும் தமிழர் செவியில், ஆடையற்ற செவுளையுடைய கூட்டத்துள் ஓருயிர் 'பூவேலை செய்த ஆடை' என்னும் பெயரோடு உலவுகிறது. ஒரு சொல் எவர் செவியில் விழுகிறதோ அவர் மொழியின் பொருளையும் உடன் அழைத்துவருகிறது. 'ஸ்லக்' என்னும் சொல் என் செவியில் 'அட்டை'யை அழைத்துவந்ததும் இவ்வாறே. முன்னது விளையாட்டாய் முடிந்தது; பின்னது தீங்காய் முடிய இருந்தது. வேற்றுமை இவ்வளவே.

இனி, இதற்குத் தமிழில் யாது பெயர் வழங்கலாம்? 'நூடிபிராங்க்' என்று அப்படியே கொள்ளலாம். உலகப் பொதுப்பெயராதலின் குற்றமில்லை. எனினும் ஜெர்மானியர் இச்சொல்லின் இரு பகுதிகளையும் தம் மொழியிற் பெயர்த்து, 'வெற்றுச் செவுளி' எனப் பொருள்படும் 'நாக்ட்கீமர்' என்று வழங்குகின்றனர். அவ்வழியை நாமும் பின்பற்றலாம். செவுள் என்பது மீன் வாங்கும் நம் அன்னையர் அனைவரும் அறிந்த சொல். செவுளைத் தூக்கிச் சிவப்புப் பார்த்தே மீனின் புதுமையை அறிகின்றனர். முள்ளுடையது முள்ளி ஆயினாற்போல, செவுளுடையது செவுளி ஆகும். மூடாத செவுளையுடையது 'மூடாச் செவுளி'. 'நிர்வாண', 'அம்மண' என்னும் சொற்கள் மனிதர்க்கே உரியனவாய் நகைப்பை விளைத்தலின் அவற்றை விலக்கினேன். செவுளி என்பது காரண இடுகுறியாய் நிற்குமாதலின், செவுள் தோன்றாத ஏயோலிட், பில்லிடியா முதலியவற்றிற்கும் மூலப்பெயர் செல்லுமளவு இதுவும் செல்லும். இது மாணவன் ஒருவனின் முயற்சியே. ஆசிரியப் பெருமக்களும் கடற்கரை மக்களும் இதனினும் தக்கதொன்றைக் கூறின் மகிழ்ந்து ஏற்பேன். ஆனால் 'கடல் அட்டை' என்று மட்டும் எவரும் எழுதற்க. அச்சொல்லுக்கு உரிய உயிர் முன்னமே உண்டு. அச்சொல்லோடு பல குடும்பங்களின் வாழ்வும் ஒரு சட்டமும் பிணைந்துள்ளன.

பொருட்காட்சி முடிவதற்கு முன்னரே பழைய சீட்டைக் கிழித்துவிட்டேன். 'நூடிபிராங்க்: மூடாச் செவுளி, ஓடில்லாக் கடல்நத்தை, கடல் அட்டை அன்று' என்னும் புதிய சீட்டு இன்று நம் விலங்கியற் காட்சிச்சாலையில் அப்புட்டியின்மேல் உளது. உள்ளிருக்கும் உயிர் தன் வண்ணம் முழுதும் இழந்துவிட்டது. அது யாதென்று காண்பார்க்குச் சொல்ல, அப்பெயர் ஒன்றே எஞ்சியிருக்கிறது. அப்பெயரேனும் பிழையின்றி இருத்தல் வேண்டும் என்பதை எனக்குக் கற்பித்த கீழக்கரைப் பெரியவர்க்கு என் வணக்கம் உரியது.